எழுத்துத் திரையின் பின்னே ஒரு தாய்

ஃபலஸ்தீனப் பெற்றோருக்குப் பிறந்த கலைஞர் மோனா ஹாத்தூம் 1988-இல் ஆக்கிய ‘தொலைவின் அளவுகள்’ ஏறத்தாழ 15 நிமிடமே ஓடும் வீடியோப் படம். அதைப் பற்றி எழுதியோர் பலர். அரபு எழுத்தோடு வாழ்நாளைக் கழித்துவரும் நாம், அவ்வெழுத்தின் பக்கம் நின்று சில சொல்ல விழைகிறோம்.

அவர்தம் பெற்றோர் ஹைஃபாவைச் சார்ந்த கிறிஸ்தவர்கள். ஊரிழந்து பைரூத் சேர்ந்தவர்கள். 1952-இல் அங்குப் பிறந்த மகள், 1975-இல் குறுகிய பயணமாக இலண்டன் சென்றிருந்தபோது லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. திரும்ப வழியில்லை. தாய்க்கும் மகளுக்கும் இடையே கடிதங்களே மிஞ்சின. தாயின் அக்கையெழுத்தே திரை முழுதும் படர்ந்திருக்கிறது. அதன் பின்னே, 1981-இல் மகள் ஊர் சென்றிருந்தபோது எடுத்த, குளிக்கும் தாயின் நிழற்படங்கள்.

இவ்வெழுத்தை முகத்திரைக்கு ஒப்பிடுவோர் உண்டு. அரபு எழுத்தைக் கண்ட மாத்திரத்தில் அவர்களுக்குப் பர்தா நினைவு வந்துவிடுகிறது போலும்! கிறிஸ்தவத் தாயொருத்தி மகளுக்கு வரைந்த குடும்ப மடல் அது. படிக்கத் தெரிந்த கண்ணுக்கு அது திரையுமன்று, முட்கம்பியுமன்று. ஒரு பெண்ணின் குரல். நம் இல்லத்துப் பெட்டிகளில் உறங்கும் அரபுத் தமிழ்க் கடிதங்களும் அயலார் கண்ணுக்கு வெறுங்கோலமாகத்தானே தோன்றும்?

கடிதங்களை மகள் ஆங்கிலத்தில் துயரம் தோய்ந்த குரலில் வாசிக்கிறார். அதனூடே தாயும் மகளும் அரபியில் அளவளாவி நகைக்கும் ஒலிப்பதிவும் கேட்கிறது. அதற்கு மொழிபெயர்ப்பு இல்லை. ஆங்கிலம் மட்டும் அறிந்தார்க்குப் பிரிவாற்றாமை கிட்டுகிறது. அரபு அறிந்தார்க்கோ அத்துடன் வீட்டுக் களிப்பும் கிட்டுகிறது. அகதி என்றாலே அழுகை என்று எண்ணும் உலகுக்கு இச்சிரிப்பைப் பெயர்த்துத் தராமல் விட்டது மிகப் பொருத்தம். 1985-இல் இலண்டன் பிரிக்ஸ்டன் தெருக்களில், கணுக்காலில் கட்டிய கனத்த பூட்ஸுகளை இழுத்தவாறு வெறுங்காலோடு அவர் நடந்த நிகழ்ச்சியைவிட, இச்சிரிப்பே நமக்கு அதிகம் உரைக்கிறது.

ஆயினும் அந்நிழற்படங்களைப் பொதுத்திரையில் வைத்ததை நம்மால் ஏற்க இயலவில்லை. தாயின் இசைவு இருந்தது. கடிதமே அதைச் சொல்கிறது. தந்தைக்குத் தெரிய வேண்டாம் என்றும் அதே கடிதம் வேண்டுகிறது. மகளின் கண்ணை நம்பித் தாய் ஒப்படைத்தது ஓர் அமானிதம். முகமறியாப் பார்வையாளர் ஆயிரவர்க்கும் அவ்வுரிமை நீளுமா? கலை விமரிசகர்கள் தந்தையின் சினத்தை உடைமை உணர்வென்று ஒதுக்கிவிடுகின்றனர். அதில் அவ்வுணர்வு உண்டுதான், நாணமும் இருந்திருக்கலாமன்றோ? இவ்வினாவை மறைக்காமல், தந்தையின் மனத்தாங்கலையும் படத்துக்குள்ளேயே வைத்த நேர்மைக்காக மோனாவை மதிக்கிறோம்.

கடைசிக் கடிதத்தில், தான் கடிதம் சேர்க்கும் அஞ்சலகம் குண்டுவெடிப்பில் அழிந்ததென்று தாய் எழுதுகிறார். இனி எவ்வழியே எழுதுவது என்பது அவருக்குத் தெரியவில்லை.