அஹ்மத் ஸமானியின் கப்ர்
தன்பினாரின் நாவல் பற்றிச் சில குறிப்புகள்

துருக்கிய எழுத்தாளர் அஹ்மத் ஹம்தி தன்பினாரின் (1901–1962) 'நேரச் சீராக்க நிறுவனம்' 1954இல் பத்திரிகைத் தொடராக வந்து 1961இல் நூலுருப் பெற்றது. பெங்குவின் வெளியிட்ட ஆங்கில மொழிபெயர்ப்பின் ஊடாகவே நான் அதனை வாசித்தேன். இந்நாவல் பற்றி எம்மவர் பேசக் கேட்ட வேளைகளில் ஒரே கருத்துத்தான் திரும்பத் திரும்ப முன்வைக்கப்பட்டது: கிலாஃபத்தை ஒழித்து, தொப்பியை மாற்றி, எழுத்தையும் மாற்றிய ஒரு குடியரசை எள்ளி நகையாடும் நாவல் இது, ஆகவே இது எமது பக்கத்து நாவல். இதில் பாதி உண்மை இருக்கிறது. மறுபாதியைப் பற்றியே இங்கு எழுத விரும்புகிறேன். அது எமக்கு அவ்வளவு உவப்பானதல்ல.

முதலில் பின்னணி. உஸ்மானிய மக்களின் மணிக்கூடு சூரியன் மறையும்போது பன்னிரண்டைக் காட்டியது. மஃரிபுடன் நாள் தொடங்கும் என்ற கணக்கு அது. சூரிய அஸ்தமனமோ நாளுக்கு நாள் முன்பின்னாக நகர்வது. எனவே மணிக்கூடுகளை அடிக்கடி திருத்தியாக வேண்டும். அந்தச் சரியான நேரத்தைக் கணித்துச் சொல்வதற்குப் பெரிய பள்ளிவாசல்களின் அருகே முவக்கித்கானா என்ற சிறு கூடங்கள் இருந்தன. அங்கிருந்த முவக்கித் வானியலும் அறிந்தவர், மணிக்கூடு திருத்தவும் தெரிந்தவர். தெருவில் போகிறவர் நின்று தன் பைக்கடிகாரத்தை அங்கே சரிபார்த்துக்கொண்டு போவார். 1925 டிசம்பரில் இயற்றப்பட்ட சட்டம் இந்த நேரத்தை நீக்கியது. 1926 ஜனவரி முதலாந் திகதியிலிருந்து துருக்கியின் நாள் நள்ளிரவில் தொடங்கியது.

இந்த இழப்பைப் பற்றி முதலில் எழுதியவர் தன்பினார் அல்லர். சட்டம் வருவதற்கு முன்பே, 1921இல், கவிஞர் அஹ்மத் ஹாஷிம் 'முஸ்லிம் நேரம்' என்றொரு சிறு கட்டுரை எழுதினார். அந்நிய மணிக்கூடு வீட்டுக்குள் நுழைந்ததும் வைகறையே வாழ்க்கையிலிருந்து களவு போய்விட்டது என்பது அதன் துயரம். அழகான கட்டுரைதான். ஆனால் புலம்பல் எங்கே முடிகிறதோ அங்கிருந்துதான் தன்பினார் தொடங்குகிறார். புலம்புகிறவனையும் அவர் விட்டுவைக்கவில்லை.

நாவலைச் சொல்பவன் ஹைரி இர்தால். வறுமையில் வளர்ந்தவன். அவன் வீட்டில் ஒரு பழைய நிலைக்கடிகாரம் நிற்கிறது. பாட்டனாரின் தந்தை கட்டுவதாக நேர்ந்து கட்டாமற்போன பள்ளிவாசலுக்கு உரியது அது. தன் இஷ்டத்துக்கு ஓடும், தன் இஷ்டத்துக்கு மணியடிக்கும். தாய் அதனை முபாரக் என்கிறாள். தந்தைக்கோ அது பீடை. ஒரே பொருளை ஒரே கூரையின் கீழ் இருவர் இவ்வாறு அழைப்பதில் ஒரு சமூகத்தின் முழு மனக்குழப்பத்தையும் காட்டிவிடுகிறார் தன்பினார். ஹைரிக்கு மணிக்கூட்டைக் கற்பித்தவர் முவக்கித் நூரி எஃபெந்தி. கைவிடப்பட்ட மணிக்கூடுகளை வாங்கி, ஒன்றின் உறுப்பை இன்னொன்றில் பொருத்தி உயிர்கொடுத்து, ஏழை நண்பர்களுக்குக் கொடுத்துவிடும் மனிதர். நாவலில் கேலி தீண்டாத பாத்திரம் அநேகமாக இவர் ஒருவரே.

பின்னர் ஹாலித் அயார்ஜி வருகிறான். நாட்டின் மணிக்கூடுகள் யாவையும் ஒரே நேரம் காட்டச் செய்ய ஒரு நிறுவனம் தொடங்குகிறான். தவறான மணிக்கூட்டுக்குத் தண்டப்பணம், அதிலும் கழிவு, உறவினருக்கெல்லாம் உத்தியோகம். இவ்வளவும் அதிகாரவர்க்கம் பற்றிய நல்ல நகைச்சுவை. அதற்கு மேல் ஒரு கட்டம் இருக்கிறது. எதிர்காலத்தையே பேசும் இந்த நிறுவனத்துக்கு ஒரு கடந்தகாலம் தேவைப்படுகிறது! 17ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த மாபெரும் மணிக்கூட்டு வினைஞர் ஷெய்க் அஹ்மத் ஸமானி எஃபெந்தியை ஹாலித் கற்பனையாகப் படைக்கிறான். ஆங்கிலேயரான கிரஹாமின் கணிப்பை கிரஹாமுக்கு முன்பே கண்டவராம் அவர். அப்படி ஒருவர் இருந்ததில்லையே என்று ஹைரி தயங்குகிறான். காலம் அவரை வேண்டி நிற்கிறது, எழுது என்கிறான் ஹாலித். ஹைரி எழுதுகிறான். நூல் புகழ் பெறுகிறது. ஹொலாந்து அறிஞர் ஒருவர் வந்து அன்னாரின் கப்ரைப் பார்க்க வேண்டும் என்கிறார். கப்ர் ஒன்றும் கிடைத்துவிடுகிறது.

இந்தப் பகுதியை நான் சிரித்துக்கொண்டே வாசிக்கத் தொடங்கி, பாதியில் சிரிப்பை நிறுத்திவிட்டேன். மீலாத் மேடைகளிலும் மலர்களிலும் நாம் எத்தனை ஸமானிகளுக்கு மாலை சூட்டியிருக்கிறோம்! ஐரோப்பியர் கண்டதையெல்லாம் முன்னரே கண்டுவிட்ட ஒரு பொற்காலம், அதில் காலத்தையே களிமண்ணாகப் பிசைந்த கைவினைஞர்கள். இந்தப் பேச்சின் மிகப்பெரிய தீங்கு அது பொய் கலந்தது என்பதல்ல. உண்மையில் வாழ்ந்தவர்களை அது வாசிக்க விடுவதில்லை.

அல்ஜஸரியை எடுத்துக்கொள்வோம். தியார்பக்கிரில் அர்துகிய ஆட்சியாளரிடம் பணிபுரிந்த பொறியியல் வினைஞர். 1206இல் முடித்த நூலில் யானை மணிக்கூடு, கோட்டை மணிக்கூடு உட்படப் பல கருவிகளைப் படங்களோடும் அளவுகளோடும் விவரிக்கிறார். கோட்டை மணிக்கூட்டின் நீர்ப்பொறியில் ஆர்க்கிமிடீஸின் பெயரில் வழங்கிய முறையைப் பின்பற்றியதாக அவரே எழுதுகிறார். முன்னோரின் கருவியைச் செய்து பார்த்து, அது பிழைத்த இடத்தையும் சொல்கிறார். மற்றவன் பார்த்துச் செய்யக்கூடியதாக எழுதப்பட்ட நூல் அது. டொனால்ட் ஹில் 1974இல் அதனை ஆங்கிலத்தில் தந்தார். 1976இல் லண்டன் அறிவியல் அருங்காட்சியகம் கோட்டை மணிக்கூட்டை மறுபடி கட்டியது. தான்தான் முதல்வன் என்ற பதற்றம் இந்த மனிதரிடம் இல்லை. அந்தப் பதற்றம் எமக்கு உரியது.

தகியுத்தீனின் கதையும் நோக்கத்தக்கது. பொறி மணிக்கூடுகள் பற்றித் தனி நூல் எழுதியவர். நட்சத்திரங்களை அவதானிக்க மணிக்கூட்டைப் பயன்படுத்தியவர். அவருக்காக மூன்றாம் முராத் இஸ்தான்புலில் அமைத்த வானாய்வகத்தை, 1580இல் அதே சுல்தானின் ஆணை இடித்தது. மேடைகளில் முதற்பாதி மட்டுமே சொல்லப்படுகிறது. ஸமானிக்கு இந்தச் சங்கடம் இல்லை. இல்லாதவரின் கூடத்தை யாரும் இடிக்க முடியாது.

ஹாலித் போன்றவர்கள் நூரி எஃபெந்தியை மறுப்பதில்லை என்பதுதான் தன்பினார் கண்ட நுட்பம். அவர் பொழுதுபோக்காகச் சொன்ன வார்த்தைகளை நிறுவனத்தின் சுலோகங்களாக்குகிறார்கள். அவரைப் போன்றவர்களின் கூடங்கள் மூடப்பட்டதை அந்தச் சுலோகங்கள் எங்கும் சொல்வதில்லை. முதுபெரும் கைவினைஞனைப் புகழ்ந்தே அழிக்கலாம் என்று எனக்கு விளங்கியது இங்குதான்.

நாவலில் குறைகளும் உள. பிற்பகுதி நீளம். பெண் பாத்திரங்களை ஆசிரியர் மலிவாகவே நடத்துகிறார். ஹைரியின் இரண்டாம் மனைவி பகீஸே, சினிமாவையும் வாழ்க்கையையும் வேறுபிரித்தறியாத ஒரு கேலிச்சித்திரம். ஆண்களின் மடமைக்குத் தத்துவம் தரும் ஆசிரியர் பெண்களின் மடமைக்கு ஏளனத்தை மட்டுமே தருகிறார். 'ஹுஸூர்' எழுதிய கைக்கு இது பொருந்தவில்லை.

தமிழில் இதனைக் கொண்டுவர விரும்பும் நண்பர்களுக்கு ஒரு சொல். 'அயார்' என்பது அரபுமொழி 'இயாரிலிருந்து' துருக்கிக்குச் சென்றது. மணிக்கூட்டைச் சீராக்குவதும் அயார், பொன்னின் மாற்றும் அயார். ஹாலித் அயார்ஜியின் பெயரில் இரண்டும் ஒலிக்கின்றன. ஆங்கிலத்தில் முதற்பொருள் மட்டுமே தங்கியிருக்கிறது. உரைகல்லும் மாற்றும் அறிந்த மொழி எங்களுடையது. இரண்டாவது பொருளைக் கைவிட எமக்கு அவசியமில்லை.