பறக்காத பறவையும் பொன் துளியும்

போதைப்பொருள் பற்றிக் கட்டுரை எழுதச் சொன்னால் நம் மாணவர்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் எழுதுறாங்க. தீய நண்பன், கண்ணீர் விடும் தாய், கடைசியில் சிறை அல்லது மரணம். போதை ஒருவனை எப்படிப் பிடிக்கிறது என்பது மட்டும் அதில் இருக்காது. அதற்காகவே ஜெர்மன் இயக்குநர் ஆண்டிரியாஸ் ஹைகாடே 2014இல் எடுத்த 'நக்கெட்ஸ்' என்ற அசைவூட்டக் குறும்படத்தைப் படிவம் 5 மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினேன். ஏறக்குறைய ஐந்து நிமிடம். வசனமே கிடையாது.

திரையில் ஒரு கோடு. அதில் ஒரு கிவி நடந்து வருகிறது. வழியில் ஒரு பொன் துளி. சுவைத்துப் பார்க்கிறது. உடனே உடல் ஒளிர, மேலே எழுந்து மிதந்து, மெல்லத் தரையிறங்குகிறது. அவ்வளவுதான் கதை. அடுத்த துளி, அதற்கடுத்த துளி. ஒவ்வொரு முறையும் மிதப்பது குறைகிறது, விழுவது பலமாகிறது, திரை இருண்டுகொண்டே போகிறது.

கிவி பறக்க முடியாத பறவை என்பதை மறந்துவிட வேண்டாம். இயல்பில் கிடைக்காத ஒன்றைத் துளி அதற்குக் கொடுக்கிறது. முதல் மிதப்பு உண்மையிலேயே அழகாக இருக்கு. அந்த இன்பத்தை மறைக்காமல் காட்டியதுதான் படத்தின் நேர்மை. நம்முடைய விழிப்புணர்வுப் படங்கள் அதைக் காட்டப் பயப்படுகின்றன. அதனாலேயே மாணவர்கள் அவற்றை நம்புவதில்லை. இங்கே முதல் வீழ்ச்சியில் சிரித்த பையன்கள் நான்காவதில் சிரிக்கவில்லை.

இன்னொன்றும் கவனியுங்கள்: துளி மாறுவதே இல்லை. மாறுவது பறவையும் அதைச் சுற்றியுள்ள வெளிச்சமும்தான். மீண்டும் மீண்டும் ஒரே காட்சியைக் காட்டும் உத்தி இதில் வெறும் அலங்காரமல்ல, பழக்கம் என்பதே அப்படித்தானே. கட்டுரையிலும் ஒரே வாக்கியத்தை மூன்று முறை எழுதி, ஒவ்வொரு முறையும் ஒரு சொல்லைக் குறைத்துப் பாருங்கள்.

குறையும் உண்டு. படம் முடிந்ததும் ஒரு மாணவி கேட்டாள்: "அந்தப் பறவைக்கு வீட்டுல யாருமே இல்லையா டீச்சர்?" படத்தில் அதற்குப் பதில் இல்லை. திரும்பி நடக்க வழியும் இல்லை. வீட்டில் குடிகாரத் தந்தை இருக்கும் பிள்ளைக்கு அந்த இருட்டு என்ன சொல்லும்? இதைத் திரையிடும் முன் உங்கள் வகுப்பில் அப்படி யாரும் இருக்கிறார்களா என்று பள்ளி ஆலோசகரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். நான் கேட்கவில்லை.