முகப்பு நின்றால் போதுமா?

புதுச்சேரி வைசியாள் வீதியில் நல்ல வெயிலிலும் ஒதுங்க இடம் உண்டு. மரத்தூண் தாங்கும் ஓட்டுத் தாழ்வாரம் தெருப்பக்கம் நீண்டிருக்கும். அதன் கீழே, வழிப்போக்கர் யாரும் உட்காரலாம் என்று கட்டிய திண்ணை. அண்ணாந்தால் பிரெஞ்சுப் பாணியில் வளைவுச் சன்னல்கள். மரபுக் கட்டடங்களைக் காக்கும் இன்டாக் அமைப்பு, ஐரோப்பிய ஒன்றியத்தின் நிதியோடு 2002 முதல் 2004 வரை இந்தத் தெருவில் வீட்டு முகப்புகளைச் சீர்செய்தது. வீட்டுக்காரர்களும் தங்கள் பங்குக்குப் பணம் போட்டார்கள். என் பார்வையில் அந்தத் திட்டத்தின் உயிர் அதுதான். கைக்காசு போட்டவர் கொத்தனார் பக்கத்திலேயே நிற்பார், சுண்ணாம்புக் காரையில் சிமென்ட் கலக்க விடமாட்டார். கடலோர ஊரில் இது சின்ன விஷயமில்லை. சுண்ணாம்பு ஈரத்தை வெளியே விடும். சிமென்ட் அதை உள்ளேயே பூட்டிவைக்க, பழைய செங்கல் உப்புப் பூத்து உதிரும். 2008இல் அந்தத் தெருவுக்கு யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் விருது கிடைத்தது.

ஆனால் ஒரு தெருதான் பிழைத்தது. ஊரின் தமிழ்ப் பகுதியில் எத்தனையோ முற்றத்து வீடுகள், தடுக்கச் சட்டம் இல்லாமல், அடுக்குமாடிகளுக்கு வழிவிட்டன. 2014 நவம்பர் மழையில் அரசின் சொந்தக் கட்டடமான ‘மேரி’ என்ற பழைய நகராட்சி மாளிகையே சரிந்து விழுந்தது.

இலங்கையின் காலிக் கோட்டையில் அப்படி எதையும் எளிதில் இடித்துவிட முடியாது. 1988இல் உலக மரபுரிமைப் பட்டியலில் ஏறிய இடம். 1994 முதல் அதற்கென்றே சட்டப்படி ஒரு மன்றம் இருக்கிறது. வீட்டை மாற்றிக் கட்டத் தொல்லியல் திணைக்களத்தின் அனுமதி வேண்டும். நெதர்லாந்து அரசு தந்த நிதியில் தனியார் வீடுகளும் செப்பனிடப்பட்டன. தூண் வரிசையோடு தெருவைப் பார்த்த விறாந்தைகள் இன்றும் நிற்கின்றன.

அந்த விறாந்தைகளில் இப்போது யார் இருக்கிறார்கள்? மீரான் ஜும்மா பள்ளிவாசலைச் சுற்றிப் பழைய முஸ்லிம் குடும்பங்கள் இன்னும் வாழ்கின்றன. மற்றபடி நிலத்தின் விலை ஏற ஏற, பல வீடுகள் வெளிநாட்டார் கைக்கும் விடுதிகளுக்கும் நகைக்கடைகளுக்கும் போய்விட்டன. சட்டம் சுவரைக் காத்தது, குடியிருந்தவர்களைக் காக்கவில்லை. இதை நான் பாதி வெற்றி என்றே சொல்வேன்.

காலியின் சட்டமும் வைசியாள் வீதியின் கூட்டுச் செலவும் ஒரே ஊரில் சேர வேண்டும். காரைக்குடியிலோ யாழ்ப்பாணத்திலோ பழைய வீடுகளுக்குத் திட்டம் தீட்டுவோரிடம் ஒன்று கேட்கிறேன்: உதவித்தொகை தரும்போதே, அந்தக் குடும்பம் அங்கேயே தொடர்ந்து குடியிருக்க வேண்டும் என்பதை ஒப்பந்தத்தில் எழுதுங்கள்.