முதிர்கன்னியும் ஏழு பருவமும்

முதிர்கன்னி பற்றி ஒரு கவிதையாவது எழுதாமல் புதுக்கவிதைக்காரர் ஆனவர்கள் தமிழில் குறைவு. சிறுபத்திரிகை, வார இதழ், கல்லூரி ஆண்டு மலர், கலை இலக்கிய இரவு மேடை என்று எங்கும் அவள் நின்றுகொண்டிருக்கிறாள். ஜன்னல் கம்பி, முதல் நரை, ஏறிக்கொண்டே போகும் தங்கம் விலை, பெண் பார்க்க வந்தவர்கள் தின்றுவிட்டுப் போன பஜ்ஜி சொஜ்ஜி - தட்டுமுட்டுச் சாமான்கள்கூட மாறுவதில்லை. வரதட்சணைக்கு எதிரான கவிதைகள் இவை என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. எழுதியவர்களில் பாதிப்பேர் நம் தோழர்கள், பெண்களும் உண்டு. அந்தக் கவிதைகளின் அனுதாபத்தை நான் கேள்வி கேட்கவில்லை. அந்த அனுதாபம் ஏறி உட்கார்ந்திருக்கும் சொல்லைத்தான் கேட்கிறேன்.

முதிர்கன்னி - வினைத்தொகை. முதிர்ந்த கன்னி, முதிர்கின்ற கன்னி, முதிரும் கன்னி என்று மூன்று காலமும் அதற்குள் மறைந்து நிற்கிறது. 'இளம்பெண்' என்பது பண்புத்தொகை. அங்கே இளமை ஒரு பண்பாக அசையாமல் கிடக்கிறது. முதிர்கன்னியில் அப்படி இல்லை. நேற்றும் முதிர்ந்தாள், இப்போதும் முதிர்ந்துகொண்டிருக்கிறாள், நாளைக்கும் முதிர்வாள். ஒரு கடிகாரத்தைப் பெயரடையாக மாட்டி வைத்திருக்கிறோம். அடுத்து வரும் 'கன்னி' இன்னொரு அளவுகோல். முதல் பாதி தோலை அளக்கிறது, இரண்டாம் பாதி யோனியை அளக்கிறது. அவள் என்ன வேலை பார்க்கிறாள், யாருக்குச் சோறு போடுகிறாள், கல்யாணம் வேண்டாம் என்றே இருந்தாளா என்பதற்கெல்லாம் அந்தச் சொல்லில் இடமே இல்லை.

ஆணுக்கு இப்படி ஒரு சொல் உண்டா என்று கேட்டுப் பாருங்கள். 'கட்டைப் பிரம்மச்சாரி' என்பார்கள். அதில் கேலி உண்டு, சில சமயம் மரியாதையும் உண்டு, இரக்கம் மட்டும் கிடையாது. காமராஜர் கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. அது அவருடைய தியாகக் கணக்கில் வரவாயிற்று. அப்துல் கலாமுக்கும் அப்படியே. அதே தமிழ்நாட்டில் கல்யாணம் பண்ணிக்கொள்ளாத ஒரு பெண் முதலமைச்சர் ஆனபோது என்ன நடந்தது? அரசு விளம்பரங்களில் 'செல்வி', கட்சிக்காரர் வாயில் 'அம்மா'. 2016 டிசம்பரில் 68 வயதில் இறக்கும்வரை ஜெயலலிதா இந்த இரண்டு சொல்லுக்கும் நடுவில்தான் இருந்தார். அதிகாரம் கையில் இருந்த பெண்ணே கடிகாரத்திலிருந்து தப்ப 'அம்மா' ஆக வேண்டியிருந்தது என்றால் மற்றவர்கள் கதையைச் சொல்ல வேண்டியதில்லை.

இந்தக் கடிகாரத்துக்குச் சாவி கொடுத்தது புதுக்கவிதை இல்லை. பாட்டியல் நூல்களில் பெண்ணுக்கு ஏழு பருவம்: பேதை 5 முதல் 7 வயது, பெதும்பை 8 முதல் 11, மங்கை 12, 13, மடந்தை 14 முதல் 19, அரிவை 20 முதல் 25, தெரிவை 26 முதல் 31, பேரிளம்பெண் 32 முதல் 40. பாட்டியலுக்குப் பாட்டியல் கணக்கு கொஞ்சம் மாறும்; பரவலாகப் பாடம் சொல்லிக் கொடுப்பது இதைத்தான். எம்.ஏ. தமிழில் இதை மனப்பாடம் பண்ணி மார்க் வாங்கியவர்கள் நாங்கள். அந்த எண்களை ஒரு தடவை நிறுத்தி நிதானமாகப் பார்த்ததாக எனக்கு நினைவில்லை.

பார்த்தால் தெரிவது இது. இடைவெளிகள் ஒரே அளவில் இல்லை. மங்கைக்கு இரண்டே வருஷம். அந்த இரண்டு வருஷம் எது? பூப்பெய்தும் வயசு. அதை ஒட்டி வருஷங்கள் நெருக்கிக்கொண்டு நிற்கின்றன. அதைத் தாண்டியதும் அகலமாகி, கடைசியில் ஒன்பது வருஷம் ஒரே பெயரில் அடைபடுகிறது. ஒரு பொருளின்மீது எந்த இடத்தில் கண் அதிகம் படுகிறதோ அந்த இடத்தில்தானே சொற்கள் பெருகும். 40 முடிந்ததும் பெயரே கிடையாது. 41 வயதுப் பெண் பாட்டியலில் இல்லாதவள்.

ஆணுக்கும் பருவப் பெயர்கள் உண்டு. பன்னிரு பாட்டியல் கணக்கில் பாலன், மீளி, மறவோன், திறலோன், காளை, விடலை, முதுமகன். வித்தியாசத்தைக் கேளுங்கள்: மறம், திறல், காளை. ஆணின் இளமை பலத்தின் பெயர். 30 தாண்டியவன் முதுமகன். அதற்கு மேல்வரம்பு கிடையாது, சாகும்வரை அவனுக்குப் பெயர் உண்டு. பெண்ணின் பட்டியலோ பேதையில் தொடங்குகிறது. குறளில் பேதைமைக்கு ஓர் அதிகாரமே உண்டு. அங்கே பேதை என்றால் ஆணோ பெண்ணோ, அறிவில்லாதவர். அதே சொல் ஐந்து வயதுப் பெண் குழந்தைக்குப் பருவப் பெயராகிறது. அதே வயதுப் பையன் வெறும் பாலன். அவன் முட்டாள் இல்லை.

'மட' என்கிற அடை இதைவிடச் சிக்கலானது. மடக்கிளி, மடநடை, மடமான், மடந்தை - கேட்கக் குளுமையாக இருக்கும், இளமை என்றும் மென்மை என்றும் உரை சொல்வார்கள். ஆனால் மடமை, மடையன், மடச்சி எல்லாம் அதே வேரில் தொங்குகின்றன. தொல்காப்பியம் பெண்ணுக்குச் சொல்வது அச்சம், நாணம், மடம் என்று மூன்றுதான். பயிர்ப்பு பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. மடத்துக்கு உரைகாரர்கள் தரும் விளக்கம், பிறர் புகட்டியதைப் பிடித்துக்கொண்டு அதை விடாதிருப்பது என்கிற மாதிரிப் போகும். அறியாமை இங்கே குறை இல்லை, அழகு. தொல்காப்பிய உரியியலில் இளமைக்கு மழ, குழ என்று ஆண் பெண் பார்க்காத இரண்டு உரிச்சொற்கள் இருந்தன. மழ என்பது மழவர் என்று போர்வீரர் பக்கம் போயிற்று. குழ தொட்டில் குழவியோடு நின்றது. பெண்ணுக்கு மிஞ்சியது மட. ஒரு சொல்லின் பொருள் பக்கத்துச் சொல்லோடு அது கொள்ளும் வேறுபாட்டில் இருக்கிறது என்று நிறுவ சசூரைக் கூப்பிட வேண்டியதில்லை, இந்த மூன்றுமே போதும்.

இந்த ஏழு பேரையும் வரிசையில் நிறுத்தி வேலை வாங்கிய இலக்கியம் உலா. அரசனோ சாமியோ தெருவில் பவனி வருவான். ஏழு பருவத்துப் பெண்களும் வாசலில், மாடத்தில் நின்று பார்த்து மயங்குவார்கள். சேரமான் பெருமாள் நாயனாரின் ஞானவுலாவிலும் சரி, ஒட்டக்கூத்தர் மூன்று சோழர்மீது பாடிய மூவருலாவிலும் சரி, தெருவில் நகர்கிறவன் ஒருவன், நிற்கிறவர்கள் பெண்கள். பொம்மை வைத்து விளையாடும் பேதையையும் அந்த வரிசையில் நிறுத்தாமல் விடவில்லை. முதிர்கன்னி கவிதையின் ஜன்னல் எங்கிருந்து வந்தது என்று எனக்கு இப்போது புரிகிறது. உலாவின் மாடம்தான் அது. ஒரே மாற்றம், தெருவில் யாரும் வரவில்லை. வராததற்காக நம் கவிஞர் அழுகிறார். அவள் ஏன் இறங்கித் தெருவுக்கு வரக்கூடாது என்று அவருக்கும் தோன்றவில்லை.

ஏட்டுத் தமிழை மட்டும் பழி சொல்லி முடித்துவிட முடியாது. கறம்பக்குடிப் பக்கம் புழங்கும் பேச்சையும் பார்க்க வேண்டும். இங்கே பலாவும் உண்டு, ஆடு மாடும் உண்டு. பெண்ணுக்கான அடைகளில் பாதி அங்கிருந்து வந்தவை. பிஞ்சு, 'பிஞ்சுலயே பழுத்தது', வெம்பினது, முத்தல். அந்தக் குட்டி, கிடேரி மாதிரி நிக்கிறா. பொட்டப்புள்ள என்றால் பெண் குழந்தை. அதே 'பொட்டை'யை ஓர் ஆணைப் பார்த்துச் சொன்னால் அடிதடி. யாழ்ப்பாணத்தில் பெடியன், பெட்டை என்பது பையன், பெண் என்பதற்கு மேல் ஒன்றும் இல்லாத அன்றாடப் பேச்சு. கடல் தாண்டினால் வசை இல்லாத சொல் இங்கே வசை ஆனது எப்படி என்று யாராவது ஆராயலாம். முஸ்லிம் வீடுகளில் 'குமர்' என்பார்கள்: வீட்ல ரெண்டு குமர் இருக்கு, குமரைக் கரை சேக்கணும். கல்யாண உதவி கேட்டு வருவதற்கே 'குமர் காரியம்' என்று பெயர். பெண்ணை விட்டுவிட்டு அவளுடைய பருவமே ஆளாக நடமாடுகிறது.

இவற்றில் என்னை அதிகம் அலைக்கழிப்பது 'ஆளாயிட்டா', 'பெரிய மனுஷி ஆயிட்டா' என்கிற இரண்டும்தான். என்ன பிரமாதமான சொற்கள். ஒரு சிறுமி ஆள் ஆகிறாள், மனுஷி ஆகிறாள், அதுவும் பெரிய மனுஷி. எந்த நாளில் சொல்கிறோம்? அவளைக் குச்சுக்குள் உட்கார வைக்கிற நாளில். நடமாட்டம் குறைகிற அன்றைக்குத்தான் அந்தப் பட்டம். 'வயசுக்கு வந்தவ' என்பதும் அதே கதை. சட்டத்தில் வயது வந்தவர் என்றால் 18 முடிந்தவர். 1989 முதல் ஓட்டுப் போடும் வயதும் அதுவே. ஒரே தொடர், ஆணுக்குப் போனால் வாக்குச்சீட்டு, பெண்ணுக்கு வந்தால் தீட்டு.

1886இல் புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி ரெட்டி, வயசுக்கு வந்தபின் வீட்டிலிருந்தே படித்து மெட்ரிக் தேறினார். ஆண்கள் படிக்கும் மகாராஜா கல்லூரியில் இடம் கேட்டபோது எதிர்ப்பு எழுந்தது, மன்னரின் அனுமதியால் உள்ளே போனார். 1912இல் சென்னையில் மருத்துவம் முடித்தார். 1914இல்தான் கல்யாணம். அதாவது டாக்டர் பட்டம் வாங்கியபோது பாட்டியல் கணக்கில் அரிவை முடிந்து தெரிவையில் நின்றார். நம் கவிஞர்கள் கணக்கில் முதிர்கன்னி. அவரைப் பற்றி யாரும் ஜன்னல் கவிதை எழுதவில்லை. எழுத முடியாது, அவர் ஜன்னலோரம் இல்லை.

அதே மாவட்டத்தில் 1991இல் தொடங்கிய அறிவொளி இயக்கத்தை நான் ஒரு மொழி நிகழ்வாகவும் பார்க்கிறேன். ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத் காலத்தில் கல்குவாரிப் பெண்களும் களையெடுக்கும் பெண்களும் எழுத்தோடு சேர்த்துச் சைக்கிளும் கற்றுக்கொண்டது எல்லோருக்கும் தெரிந்த கதை. லேடீஸ் சைக்கிள் போதாமல் ஜென்ட்ஸ் சைக்கிள் வாங்கியவர்கள் உண்டு. முன் கம்பியில் பிள்ளையை உட்கார வைக்கலாம் என்று அதையே விரும்பியவர்களும் உண்டு. அந்த இயக்கம் இந்தப் பெண்களை எப்படி அழைத்தது? 'கற்போர்'. இளமை இல்லை, கன்னி இல்லை, மட இல்லை. வயசையும் உடலையும் விட்டுவிட்டு செய்கிற வேலையால் ஒரு பெயர். சைக்கிள் பாட்டு மட்டும் அவளைத் 'தங்கச்சி' என்று கூப்பிட்டது. பிரியமான விளிதான், ஆனாலும் அண்ணன் ஒருத்தன் அனுமதி கொடுக்கிற தொனி அதில் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பரவாயில்லை, தெருவில் இறங்கிப் போனவள் அவள்.

முதுமை என்ற அடைக்கு இழிவு பிறப்பிலேயே இருந்ததில்லை. புறத்திணையில் மூதின்முல்லை என்று ஒரு துறை உண்டு; மூதில் பெண்டிர் என்றால் மறக்குடியின் பெருமைக்கு உரியவர்கள். இன்னொரு சொல் இதைவிட வியப்பு: கிழவி. தொல்காப்பியத்தின் அகத்திணையில் கிழவன், கிழவி என்றால் தலைவன், தலைவி. கிழமை என்றால் உரிமை. காதலிக்கிற, உரிமை உடைய இளம்பெண்தான் கிழவி. அந்தச் சொல் இன்றைக்குப் பல்லுப்போனவள் ஆகிவிட்டது. 'உரியவள்' என்று சொன்ன ஒரே சொல்லும் வயசுக்குள் விழுந்துவிட்டது. ஆங்கிலத்தில் ஸ்பின்ஸ்டர் என்பது நூல் நூற்கிறவள் என்று தொழிலைச் சொன்ன சொல். கல்யாணமாகாதவள் என்று சுருங்கி, வசையாகத் தேய்ந்தது. இங்கிலாந்தில் 2005இல் திருமணப் பதிவேட்டிலிருந்து அதை எடுத்தார்கள். பிரான்சில் 2012இல் அரசுப் படிவங்களிலிருந்து மதுமோசெல் போயிற்று. இங்கே என்ன நடந்தது? கவிதையில் புழங்கிய சொல் உதவித்தொகைக்குள் நுழைந்தது. 50 வயது தாண்டிய, கல்யாணமாகாத ஏழைப் பெண்களுக்குத் தமிழக அரசு தரும் ஓய்வூதியம் ஜனங்கள் வாயிலும் செய்தித்தாளிலும் முதிர்கன்னி உதவித்தொகை.

முந்திரிக்கொட்டை உடைத்து இரண்டு தம்பிகளைக் கரையேற்றிய ஒரு சின்னாத்தாவுக்கு அந்த விண்ணப்பத்தை நான்தான் எழுதிக்கொடுத்தேன். முந்திரிப் பால் பட்டு விரல் ரேகை தேய்ந்துபோன கை. "அது என்னாத்தா முதிர்கன்னி?" என்று கேட்டார். சொன்னேன். "நான் என்ன சொரக்காயா, முத்திப்போயி விதைக்கு விட?" என்று சிரித்தார். விதைக்கு விட்ட காய் வீணாய்ப் போன காய் இல்லை என்று எனக்குத் தோன்றியது, அவரிடம் சொல்லவில்லை. தொழில் என்ற இடத்தில் 'இல்லை' என்று போடச் சொன்னார், வேலை இருக்குன்னா பணம் வராதாம். தந்தை அல்லது கணவர் பெயர் என்ற கட்டத்தில், செத்து இருபது வருஷம் ஆன தகப்பன் பெயரை எழுதினோம்.