நிலம் நடுக்கும் கடலோன்

பொசைடனைக் கடல்தெய்வம் என்று சொல்லி நிறுத்தினால் அது பாதிச் செய்திதான். கிரேக்கர் அவனுக்கு இட்ட பட்டங்களில் ‘நிலத்தை உலுக்குபவன்’ என்பதும் ‘குதிரைகளுக்கு உரியவன்’ என்பதும் உண்டு. அலையும் நில அதிர்வும் குதிரையின் பாய்ச்சலும் ஒரே குமுறலாகத் தோன்றிய மனங்கள் வணங்கிய தெய்வம் அவன். அவனைக் கையாண்ட கலைஞர்களில் தேறியவர்கள் இந்தக் குமுறலைப் பிடித்தவர்கள். தாடியும் சூலமும் போதும் என்றிருந்தவர்கள் பூங்கா நீரூற்றுகளுக்குச் சிலை செய்ததோடு சரி.

கி.மு. 1200ஐ ஒட்டிய பைலோஸ் அரண்மனையின் களிமண் பலகைகளில் காணிக்கை பெறும் தெய்வங்களுள் பொசைடனே முன்னால் நிற்கிறான். ஜீயஸுக்கு அங்கே அவ்வளவு இடம் இல்லை. ஹோமரிடம் வரும்போது நிலைமை தலைகீழ். குரோனஸின் மக்கள் மூவரும் சீட்டுப் போட்டு உலகைப் பங்கிட்டதில் வானம் ஜீயஸுக்கும் பாதாளம் ஹேடிஸுக்கும் கடல் பொசைடனுக்கும் விழுந்தன. நிலமும் ஒலிம்பஸும் பொது. இந்தப் பாகப்பிரிவினையை இலியட் காப்பியத்தில் பொசைடனே எடுத்துச் சொல்கிறான், அண்ணன் அதிகாரம் செய்வது பொறுக்காத தம்பியின் குரலில். ஏதென்ஸ் நகருக்கான போட்டியிலும் அவனுக்குத் தோல்வி. அதீனா ஒலிவ மரம் தந்தாள். அவன் பாறையைக் குத்தி உப்புநீர் ஊற்றை வரவழைத்தான். யார் வென்றிருப்பார்கள் என்பதில் ஐயமில்லை.

இலியடின் 13ஆம் பகுதியில் அவன் புறப்படும் காட்சி ஈடற்றது. சாமோத்ரேஸ் மலையுச்சியில் அமர்ந்து டிராய்ப் போரைப் பார்த்துக்கொண்டிருப்பவன் எழுந்து இறங்குகிறான்; காலடியில் மலையும் காடும் நடுங்குகின்றன. மூன்று எட்டு வைத்து நான்காவது எட்டில், தன் கடலடி மாளிகை இருக்கும் ஏகே சேர்கிறான். பொன் பிடரிக் குதிரைகளைத் தேரில் பூட்டி அலைமேல் விடுகிறான். ஆழத்து உயிர்கள் தம் தலைவனை அறிந்து துள்ளுகின்றன, கடல் மகிழ்ந்து வழிவிடுகிறது, தேரின் வெண்கல அச்சில் ஈரம் படவில்லை. அந்த நனையாத அச்சில்தான் ஹோமரின் கைவண்ணம். ஆரவாரம் அத்தனைக்கும் நடுவே கண் போய் நிற்பது அங்கே.

ஒடிசியில் அவன் பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாத பகையாக இருக்கிறான். மகன் பாலிஃபீமஸின் ஒற்றைக் கண்ணைக் குருடாக்கியதற்காக ஒடிசியஸைக் கொல்வதில்லை. ஊர் போய்ச் சேரவிடாமல் இழுத்தடிக்கிறான். பகை தீரக் குறிசொல்லி டைரீசியஸ் ஒடிசியஸுக்குச் சொல்லும் வழி விநோதமானது. துடுப்பைத் தோளில் சுமந்து உள்நாட்டுக்குள் நடக்க வேண்டும். கடலையே அறியாத, உணவில் உப்புச் சேர்க்காத ஊரில் எவனோ ஒருவன் அதைப் பொலி தூற்றும் கருவி என்று நினைப்பான். அங்கே துடுப்பை நட்டுப் பலியிட வேண்டும். கடலோனின் சினம் ஆறுவது கடலின் வாடையே இல்லாத மண்ணில்.

சினம் கதையோடு நிற்கவில்லை. கி.மு. 373இல் அவன் வழிபாட்டுக்குப் பெயர்பெற்ற ஹெலிகே நகரமே ஓர் இரவில் நிலநடுக்கத்துக்கும் கடலுக்கும் இரையானது.

சிற்பத்தில் உச்சம், ஆர்டமிசியம் முனைக்கு அப்பால் கடலடியிலிருந்து 1926, 1928 ஆண்டுகளில் எடுக்கப்பட்ட வெண்கலச் சிலை. உயரம் 2.09 மீட்டர், காலம் கி.மு. 460ஐ ஒட்டியது. இடக்கை நீண்டு குறி பார்க்கிறது, வலக்கை எறியப் பின்வாங்கியிருக்கிறது, வலக்குதிகால் தரையைவிட்டு எழும்பியிருக்கிறது. பதித்திருந்த விழிகள் உதிர்ந்து குழிகளே மிச்சம். கையில் இருந்த ஆயுதமும் போய்விட்டது. சூலம் என்றால் முகத்தை மறைத்துவிடும், ஆகவே இடியேந்திய ஜீயஸ்தான் என்று பலர் வாதிடுகிறார்கள். வாதம் வலுவானதுதான். ஆனால் எறிவதற்கு முந்திய அந்த ஒரு கணத்தின் இறுக்கத்துக்கு எந்தப் பெயரிட்டாலும் குறைவில்லை.

நவீனப் புனைவில் காஃப்கா 1920இல் எழுதிய சின்னஞ்சிறு கதைக்கே முதலிடம். அவருடைய பொசைடன் மேசையில் அமர்ந்து கடல்களின் கணக்கைப் பார்க்கிறான். உதவியாளர்கள் இருந்தும் எல்லாவற்றையும் தானே மறுபடி கூட்டிச் சரிபார்க்கிறான். சூலத்தோடு அலைமேல் உலா வருவதாக மக்கள் நினைப்பது அவனுக்கு எரிச்சல். கடலையே அவன் சரியாகப் பார்த்ததில்லை. உலகம் முடியுமுன் கடைசிக் கணக்கைப் பார்த்துவிட்டு ஒரு சுற்று போய்வரலாம் என்று காத்திருக்கிறான். பழைய மனக்குறை இங்கே கோப்புக்கட்டாகியிருக்கிறது. அலுவலக வாழ்க்கை தெரிந்தவர் மட்டுமே எழுதக்கூடிய நகைச்சுவை.

பால் காலிகோவின் 1969ஆம் ஆண்டு நாவலில் பொசைடன் என்பது கப்பலின் பெயர். கடலடி நிலநடுக்கம் எழுப்பும் பேரலையில் அது கவிழ்கிறது. தெய்வம் தலைகாட்டாவிட்டாலும் பழைய பட்டம் அப்படியே வேலை செய்கிறது. மற்றபடி நாவல் சாகசக்கதைதான்.

ரிக் ரியோர்டனின் பெர்சி ஜாக்சன் வரிசை சிறுவர்களுக்கானது. 2005இல் வந்த முதல் நூலில் ஒலிம்பஸில் பொசைடன் அரைக்கால்சட்டையும் கிளி போட்ட சட்டையுமாக, ஆழ்கடல் மீன்பிடிப்பவர் உட்காரும் நாற்காலியில் இருக்கிறான். வேடிக்கைதான், ஆனால் ரியோர்டன் மூலத்தைப் படித்தவர். விலங்குகளை ஏற்றிச் செல்லும் லாரியில் ஒளிந்து போகும் பெர்சியிடம் ஒரு வரிக்குதிரை பேசுகிறது. அவன் மனத்துக்குள் மட்டும் கேட்கும் குரலில் ஐயா என்று விளித்து, தன்னை வெளியே விடச் சொல்கிறது. குதிரைகளைப் படைத்தவனின் மகன் அல்லவா என்று கூட வந்தவர்கள் விளக்குகிறார்கள். கூண்டு திறந்ததும் அது லாஸ் வேகஸ் தெருவில் பாய்ந்து ஓடிவிடுகிறது.