காதுக்குள் ஒரு கோடை

முதல் தடவை 'ஜாஸ்' பார்த்தபோது எல்லாரையும்போல நானும் சுறாவைத்தான் பார்த்தேன். பலமுறை பார்த்த பிறகு, ஒரு நாள் திரையைத் துணியால் மூடிவிட்டு ஒலியை மட்டும் ஓடவிட்டேன். பயம் கொஞ்சமும் குறையவில்லை. மறுநாள் ஒலியை அடைத்துவிட்டுப் படத்தை மட்டும் பார்த்தேன். வெயில், மணல், குளிக்கிறவர்கள், நடுவில் ஒரு ரப்பர் மீன். அவ்வளவுதான் மிஞ்சியது.

1976 மார்ச்சில் நடந்த ஆஸ்கர் விழாவில் இந்தப் படம் 4 பரிந்துரைகளோடு போய் 3 விருதுகளோடு திரும்பியது. சிறந்த படத்துக்கான விருது 'ஒன் ஃப்ளூ ஓவர் தி குக்கூஸ் நெஸ்ட்'டுக்குப் போயிற்று. இயக்குநர் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க்கின் பெயர் பரிந்துரைப் பட்டியலிலேயே இல்லை. கிடைத்த மூன்றும் எவற்றுக்கு என்று பாருங்கள்: படத்தொகுப்பு, இசை, ஒலி. ஒன்று கத்தரிக்கோல், இரண்டு காது. அவ்வளவு பெரிய கடலையும் அவ்வளவு வெளிச்சத்தையும் காட்டிய படத்துக்கு, கண்ணுக்குத் தெரியாத வேலைகளுக்குத்தான் விருது. அந்த வருடத்து நடுவர்கள் வேறெதில் தவறியிருந்தாலும் இதில் தவறவில்லை என்பது என் எண்ணம்.

கதை நடப்பது அமிட்டி என்ற கற்பனைத் தீவில். படம் பிடித்தது மாசசூசெட்ஸ் மாநிலத்தின் மார்த்தாஸ் வின்யார்ட் தீவில், 1974 மே மாதத்திலிருந்து. கரையை விட்டு வெகுதூரம் போனாலும் அங்கே கடல் ஆழமில்லை, அடியில் மணல். இயந்திரச் சுறாவை நிறுத்தி இயக்க அது வசதி. ஆனால் உப்புத் தண்ணீர் யார் பேச்சையும் கேட்பதில்லை. பாப் மேட்டி செய்துகொடுத்த மூன்று சுறாக்களும் மாறி மாறிப் பழுதாயின. ஸ்பீல்பெர்க் தன் வழக்கறிஞரின் பெயரை வைத்து அவற்றை 'புரூஸ்' என்று கூப்பிட்டாராம். 55 நாளில் முடிய வேண்டிய படப்பிடிப்பு 159 நாள் இழுத்தது. நடுவில் கதையின் படகான 'ஓர்கா'வே ஒரு நாள் கேமராவோடு முழுகியது. சுறா வேலை செய்யாததால்தான் அதைக் காட்டாமல் பயமுறுத்தினார்கள் என்பது எல்லாருக்கும் தெரிந்த கதை. உண்மைதான். ஆனால் மீனைக் காட்டாமல் விட்டதாலேயே பயம் வந்துவிடாது. அந்த இடத்தில் எதையாவது வைத்தாக வேண்டும். அங்கே என்ன வைத்தார்கள் என்பதில்தான் என் ஆசை முழுதும்.

கடற்கரையில் காவல்துறைத் தலைவர் பிரோடி உட்கார்ந்திருக்கும் காட்சியை எடுத்துக்கொள்வோம். தண்ணீரில் ஆபத்து இருப்பது அவருக்குத் தெரியும். ஆனால் கடற்கரையை மூட மேயர் விடவில்லை. கோடையில் வருகிறவர்களின் காசை நம்பித்தான் ஊர் வருடம் முழுக்க வாழ்கிறது. ஜூலை 4 விடுமுறை வேறு நெருங்குகிறது. பிரோடியின் முகத்துக்கு முன்னால் குளியலுடையில் ஆட்கள் குறுக்கே நடக்கிறார்கள். ஒவ்வொருவர் கடக்கும்போதும் திரை ஒரு நொடி மறைகிறது, திறக்கும்போது நாம் அவர் முகத்துக்கு இன்னும் அருகில் இருக்கிறோம். வெட்டு விழுந்த இடத்தைக் கடந்துபோகிறவரின் உடம்பு மறைத்துவிடுகிறது. இதற்கெல்லாம் இசை ஏதும் கிடையாது. வானொலி, குழந்தைகளின் கூச்சல், பக்கத்தில் வந்து குறை சொல்லும் ஊர்க்காரரின் குரல். ஒரு பெண் வீறிடுகிறாள். பார்த்தால் காதலன் அவளைத் தோளில் தூக்கியிருக்கிறான். தண்ணீரில் கறுப்பாக ஏதோ வருகிறது. பார்த்தால் ஒரு கிழவரின் குளியல் தொப்பி. நாயோடு விளையாடிக்கொண்டிருந்த பையன் அதன் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறான். நாய் வரவில்லை. அது கொண்டுவர வேண்டிய குச்சி தண்ணீரில் மிதக்கிறது.

அந்தக் குச்சியைக் காட்டுகிற நேரம் மிகக் குறைவு. இன்னும் கொஞ்சம் நின்றிருந்தால் பார்வையாளனை இரக்கப்படச் சொல்லிக் கேட்பதுபோல் ஆகியிருக்கும். படத்தொகுப்பாளர் வெர்னா ஃபீல்ட்ஸ் அதைச் செய்யவில்லை. அவர் ஸ்டுடியோ அறையில் உட்கார்ந்து வெட்டியவர் மட்டுமல்ல, படப்பிடிப்பு நடந்த தீவுக்கே போய் இருந்தவர். நொடிக்கு 24 பிரேம்கள் ஓடும் ஊடகத்தில், சுறா 36 பிரேம் தெரிந்தால் உயிருள்ளது, 38 பிரேம் தெரிந்தால் பொம்மை என்று ஸ்பீல்பெர்க் பிற்பாடு ஒரு கணக்குச் சொன்னார். அந்த இரண்டு பிரேமைக் கையால் தொட்டு உணர்ந்து எடுத்தவர் வெர்னா. இறந்துபோன படகோட்டி ஒருவரின் தலை படகின் ஓட்டையிலிருந்து எட்டிப் பார்க்கும் காட்சியைப் பிற்பாடு வெர்னாவின் வீட்டு நீச்சல் குளத்திலேயே எடுத்தார்கள், கடல்போல மங்கித் தெரியத் தண்ணீரில் பால் பவுடரைக் கலந்து. அவர் தொகுத்த கடைசிப் படம் இதுதான். அதன் பிறகு கத்தரிக்கோலை வைத்துவிட்டு யுனிவர்சல் நிறுவனத்தின் நிர்வாகத்துக்குப் போய்விட்டார்.

இனி அந்த இரண்டு சுரங்கள். இசையமைப்பாளர் ஜான் வில்லியம்ஸ் முதலில் பியானோவில் வாசித்துக் காட்டியபோது ஸ்பீல்பெர்க் விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தார். அடுத்தடுத்த இரண்டு சுரங்கள், மாறி மாறி, அவ்வளவுதான். சட்ஜத்துக்கும் சுத்த ரிஷபத்துக்கும் உள்ள இடைவெளிதான் அவற்றுக்கும். கச்சேரியில் அந்த இடைவெளி குழைந்து வந்து மனசை இளக்கும். இங்கே கீழ்த்தந்திகளில் கட்டையாக, குழைவே இல்லாமல், இடித்து இடித்து வருகிறது. அதன் அழகு வேகத்தில் இருக்கிறது. மெதுவாக வாசித்தால் மீன் தூரத்தில் இருக்கிறது, விரைந்தால் நெருங்கிவிட்டது, சத்தம் கூடினால் காலடியில். மேலே தனியாக ஒரு டூபா அழைக்கிறது. அந்தக் கனத்த வாத்தியத்தை அவ்வளவு உச்சத்தில் ஊதவைத்ததில், மூச்சுப் பிடித்துப் பேசும் மனிதக் குரலின் தவிப்பு வந்துவிடுகிறது.

இதையெல்லாம் விட நான் கொண்டாடுவது வில்லியம்ஸ் எங்கே வாசிக்கவில்லை என்பதை. கடற்கரைக் காட்சியில் தொப்பிக்காரருக்கும் வீறிட்ட பெண்ணுக்கும் இசை இல்லை. ஜூலை 4 அன்று இரண்டு பையன்கள் அட்டைத் துடுப்பை வைத்துக்கொண்டு ஊரையே அலறவைக்கும்போதும் இல்லை. கூட்டம் அடித்துப் பிடித்துக் கரையேறுகிறது, ஆனால் இசைக்குழு வாயைத் திறக்கவில்லை. பொய்ச் சுறாவுக்கு அவர் வாசிக்க மாட்டார். இசை வந்தால் சுறா வரும், வராவிட்டால் வராது என்று நம் காது இப்படி மெல்லப் பழகிக்கொள்கிறது. ஒரு மணி நேரத்துக்கும் மேலாக நம்மை நம்பவைத்துவிட்டு, பிரோடி படகின் பின்புறம் உட்கார்ந்து முணுமுணுத்தபடி மீன் துண்டங்களை அள்ளிப் போடும்போது, இசையின் சாடையே இல்லாமல் அது வாயைத் திறந்துகொண்டு மேலே வருகிறது. எத்தனை தடவை பார்த்தாலும் அந்த இடத்தில் என் முதுகு நாற்காலியை விட்டு எழும்புகிறது.

பிரோடி, சுறா ஆராய்ச்சியாளர் ஹூப்பர், ஒரு வேட்டைக்காரர் என மூன்று பேர் படகேறிப் போகும் இரண்டாம் பாதிதான் உண்மையான சாகசப் படம். படகு கிளம்பிய பிறகு கரை கண்ணுக்குத் தெரியவே கூடாது என்று ஸ்பீல்பெர்க் பிடிவாதம் பிடித்தார். யாரோ ஒருவரின் பாய்மரப் படகு தொடுவானத்தில் தெரிந்தாலும் அது போகும்வரை காத்திருந்தார்கள். ஒளிப்பதிவாளர் பில் பட்லர் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு, அலையின் ஆட்டத்தைத் தன் முழங்காலில் வாங்கிக்கொண்டு எடுத்தார். துரத்தல் தொடங்கியதும் வில்லியம்ஸின் இசையும் ஆளே மாறிவிடுகிறது. பழைய கடற்கொள்ளையர் படங்களில் வருவதுபோல உற்சாகமாக, பாய் விரித்த மாதிரி ஓடுகிறது. மஞ்சள் பீப்பாய்கள் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போகும்போது நமக்கே அந்த வேட்டையில் சேர்ந்துகொள்ளத் தோன்றுகிறது. அந்தச் சந்தோஷத்தை முழுக்க அனுபவிக்கவிட்ட பிறகுதான் பீப்பாய் ஒன்று ஆழத்துக்குள் இழுக்கப்படுகிறது.

வேட்டைக்காரர் குவின்ட்டைப் படம் அறிமுகப்படுத்துவதும் ஒலியால்தான். ஊர்க்கூட்டத்தின் இரைச்சலுக்கு நடுவே கரும்பலகையில் நகம் கீறும் சத்தம். பல் கூசுகிறது, எல்லாரும் திரும்பிப் பார்க்கிறார்கள். நடிகர் ராபர்ட் ஷா அந்த ஆளை ஆக்கிய விதத்தைச் சொல்ல ஒரே காட்சி போதும். இரவு, படகின் சிற்றறை, மது, தழும்புகளைக் காட்டும் போட்டி, சிரிப்பு. பிறகு அவர் 1945 ஜூலையில் மூழ்கடிக்கப்பட்ட யுஎஸ்எஸ் இண்டியானாபொலிஸ் போர்க்கப்பலைப் பற்றிச் சொல்லத் தொடங்குகிறார். அந்தக் கப்பலில் இருந்த ஏறத்தாழ 1,200 பேரில் பிழைத்தவர்கள் 316. ஷா குரலை உயர்த்துவதே இல்லை, சில இடங்களில் புன்னகைக்கக்கூடச் செய்கிறார். கடந்தகாலக் காட்சி ஒன்றையும் செருகாமல், ஒரு மனிதனின் வாயை மட்டும் நம்பி அந்தக் கடலை நம் முன் விரித்ததுதான் இந்தப் படத்தின் துணிச்சல்களில் பெரியது. கதை முடிந்து, தூரத்தில் ஒரு திமிங்கிலம் கூவுகிறது. மூவரும் மேசையைத் தட்டி வீடு திரும்பும் பாட்டு ஒன்றைப் பாடுகிறார்கள். பலகைக்கு அந்தப் பக்கத்திலிருந்தும் யாரோ தட்டுகிறார்கள்.

கடைசிக் கட்டத்தில், சுறா படகின் மேல் ஏறிக் கிடக்கும்போது, அது பொம்மை என்று தெரிந்துவிடுகிறது. அதை நான் மறைக்கப் போவதில்லை. ஆனால் அந்த நேரத்தில் ஷா எழுப்பும் சத்தம் பொம்மையிடமிருந்து வந்ததல்ல. கண் நம்ப மறுத்ததைக் காது ஏற்றுக்கொண்டுவிடுகிறது.

வெடித்துச் சிதறிய சுறாவின் உடல் ரத்த மேகத்தோடு அடியாழத்துக்குப் போகையில் ஒரு முனகல் கேட்கும், எங்கோ பழங்காலத்து மிருகம் சாவதுபோல. 1971இல் ஸ்பீல்பெர்க் எடுத்த 'டூயல்' படத்தில் லாரி பள்ளத்தில் விழும்போது ஒலிக்கும் அதே சத்தம். பிறகு பியானோவும் தந்திகளும் மெதுவாக வருகின்றன, கடற்பறவைகள் வருகின்றன. பிரோடியும் ஹூப்பரும் பீப்பாய்களைப் பிடித்துக்கொண்டு காலை உதைத்து நீந்துகிறார்கள். பெயர்கள் ஓடத் தொடங்கியதும் பலரும் எழுந்துவிடுகிறார்கள். கொஞ்சம் உட்கார்ந்தால், எட்டத்தில் ஆளில்லாத கடற்கரை ஒன்றில் இரண்டு சின்ன உருவங்கள் தண்ணீரிலிருந்து எழுந்து கரைக்கு நடந்து வருவதைப் பார்க்கலாம்.