பொற்பந்தாக ஓடும் மனிதன்

2005-இல் அமெரிக்காவின் மிடில்பரிக் கல்லூரி மாணவர்கள் ஸாண்டர் மான்ஷெலும் அலெக்ஸ் பெனிப்பியும் ஹாரி பாட்டர் கதைகளில் துடைப்பத்தில் பறந்து ஆடும் குவிட்டிச்சை ஆகாயத்திலிருந்து புல்தரைக்கு இறக்கினார்கள். அதற்கென ஏற்பட்ட யுக்திகளுள் காற்றுக் குறைத்த கைப்பந்தையும் கம்பத்து வளையங்களையும் பலர் சிலாகிப்பதுண்டு. என் மனமோ பிடிபடாமல் பறக்கும் பொற்பந்தாகிய ஸ்னிட்சை விட்டு அகல மறுக்கிறது. தானே பறக்கும் பந்து கிடைக்காதபோது, பந்தையே மனிதனாக்கி, அவனுக்கு மஞ்சள் உடை உடுத்தி, காலுறைக்குள் டென்னிஸ் பந்தொன்றை இட்டு இடுப்பின் பின்னே வாலாகத் தொங்கவிட்ட அந்தக் கற்பனைக்கு, மூலக்கதையின் இறகு முளைத்த பந்தும் ஈடாகாது.

அணிக்கு ஒருவராக அவனைத் துரத்தும் இருவரும் தொடைகளுக்கிடையே துடைப்பத்தை இடுக்கியபடியே பாய வேண்டும், அவனுக்கோ துடைப்பமில்லை. ஆகவே அவன் வளைந்து, நழுவி, எட்டிய கையைத் தட்டிவிட்டு, வந்தவனைத் தரையில் சாய்த்துவிட்டு நிற்கும் லாகவம் காணத் தெவிட்டாதது. துடைப்பம் வெறும் வேஷம், அதை எறிந்துவிட்டால் வேகம் கூடும் என்பது சில நண்பர்களின் அபிப்பிராயம். வேகம் கூடலாம்; ஆனால் துரத்துபவனுக்கு அந்தத் தடை இல்லாவிடில், பிடிபடாதவனின் அமானுஷ்யமும் இல்லை. கதையில் 150 புள்ளி பெற்ற ஸ்னிட்சுக்கு மைதானத்தில் 30 மட்டுமே தந்ததையும் நான் ஆதரிக்கிறேன். மற்ற ஆட்டக்காரரின் உழைப்புக்கு அதனால் மதிப்பு வந்தது.

என் வருத்தம் வேறு. ஆதியில் ஸ்னிட்ச் மைதானத்தைக் கடந்து கல்லூரி வளாகமெங்கும் ஓடி ஒளிய அனுமதி இருந்தது. கண்டமங்கலத்துப் பக்கம் திரௌபதியம்மன் திருவிழாக்களில் பாரதம் பார்த்தவர்களுக்கு இதன் ருசி சொல்லாமலே விளங்கும்: பகாசுரனுக்குரிய சோற்று வண்டியோடு பீமன் தெருத்தெருவாக வருகையில், கதை அரங்கத்தை விட்டு வெளியேறி ஊரையே ஏகசக்கரபுரியாக்கிவிடுகிறது. அந்த ஸ்வதந்திரத்தை விதிகள் படிப்படியாகச் சுருக்கி, ஸ்னிட்சை எல்லைக்கோட்டுக்குள் அடைத்துவிட்டன. 2022-இல் ஆட்டத்தின் பெயர் குவாட்பால் ஆயிற்று. ஸ்னிட்சும் கொடி ஓட்டக்காரர் ஆனார். கதாசிரியர் ரௌலிங்கின் கருத்துக்களோடு பிணக்கும் வியாபார உரிமைச் சிக்கலும் பெயர் மாற்றத்துக்குக் காரணங்கள். பெயரைப் பற்றி எனக்கு வழக்கில்லை. ஒழுங்கின் பெயரால் எதிர்பாராமை குறைந்ததே என் வழக்கு. விழுப்புரத்திலோ திண்டிவனத்திலோ நம் கல்லூரிப் பிள்ளைகள் இதை எடுத்து ஆடுவார்களானால், வேறு எந்த விதியை மாற்றினாலும், ஸ்னிட்சுக்கு மட்டும் எல்லைக்கோடு போடாதிருக்க வேண்டுகிறேன்.